மடுவுக்குப் பொரி போட்ட கோடை

கோடைமழைக்கு முன்னால் அடித்த காற்றில் டூரிங் கொட்டகையின் கூரை பிய்த்துக்கொண்டு போய்க் கரும்புக் காட்டுக்குள் விழுந்ததே, அந்த வருஷம் என்று சொன்னால் உங்களுக்குப் பிடிபடும். நம் வயசுக்காரர்களில் பாதிப் பேர் மறுநாள் காலையில் அந்தக் கரும்புக் காட்டில்தான் இருந்தோம். கீற்றுக்கு நடுவே பிலிம் துண்டு கிடக்கும் என்று யாரோ கிளப்பிவிட்டிருந்தார்கள். பிலிம் கிடைக்கவில்லை. எனக்குக் கால் நிறையத் தோகைக் கீறல் கிடைத்தது. காட்டுக்காரர் விரட்டினார். அது பங்குனியா சித்திரையா என்று இப்போது கேட்டால் சொல்லத் தெரியவில்லை. மாங்காய் இன்னும் புளிப்பாக இருந்தது. அது மட்டும் நிச்சயம்.

அந்தக் கோடையில்தான் என் தாய்மாமன் ஊரை விட்டுப் போனார். அம்மன் கோயில் மடுவில் விஷம் வைத்து மீனைக் கொன்றவர் என்று இன்றைக்கும் நம் ஊரில் அவருக்குப் பேர். உங்களில் சிலரும் அப்படிச் சொல்லிக் கேட்டிருக்கிறேன். வருத்தமில்லை. கூட இருந்து பார்த்த நானே நடுவில் சில வருஷம், ஒருவேளை அப்படியும் இருக்குமோ என்று நினைத்திருக்கிறேன். ஊரே ஒரு பேச்சைப் பேசும்போது, கண்ணால் பார்த்தது கனவு மாதிரி ஆகிவிடுகிறது.

மடு அப்போது எப்படி இருந்தது என்று முதலில் சொல்லிவிடுகிறேன். கோயில் பாறைக்குக் கீழே ஆறு வளைகிற இடம். கோடையில் ஆறு இரண்டு வாய்க்கால் அளவுக்கு ஒடுங்கினாலும் மடுவில் ஆள் ஆழம் தண்ணீர் நிற்கும். அங்கே தூண்டில் போடக்கூடாது, வலை போடக்கூடாது. அம்மனின் பிள்ளைகள் அந்த மீன்கள். உடம்பில் மரு இருந்தால் உப்பும் மிளகும் வெல்லமும் கொண்டுவந்து மடுவில் போடுவார்கள். வெல்லம் கரையும் முன்பே மீன் வந்து முட்டும். கெண்டை, கெளுத்தி, விலாங்கு, ஆரால், இன்னும் பேர் தெரியாதவை எத்தனையோ. முதுகில் தங்கம் தடவினது போலப் பெரிய கெண்டை வகை ஒன்று உண்டு. அதை எல்லோரும் பூமீன் என்போம். நீர்நாய்க் குடும்பம் ஒன்று எதிர்க்கரை வேருக்குள் இருந்தது. அதுகள் மட்டும் மடுவில் மீன் பிடிக்கும். அதுகளை யாரும் கேட்பதில்லை. அம்மன் கொடுத்த லைசென்ஸ் என்று பூசாரி சொல்லுவார்.

மாமன் பரிசல் ஓட்டுகிறவர். அக்கரை வாழைத் தோட்டத்துக்கும் பாக்குத் தோப்புக்கும் ஆள் ஏற்றிப் போவார். கோடையில் ஆறு வற்றினால் அவருக்கு வேலை இல்லை. அவரிடம் ஒரு எண்ணெய் டின் இருந்தது. அடித்தகரத்தை வெட்டி எடுத்துவிட்டு, கண்ணாடித் துண்டைத் தாரால் ஒட்டியிருந்தார். அதைத் தண்ணீரில் பாதி அமுக்கி மேலேயிருந்து குனிந்து பார்த்தால் மடுவின் அடி வரைக்கும் தெரியும். கொட்டகையில் படம் பார்ப்பதைவிட எனக்கு அது பிடித்தது. அந்த டின் பிறகு எங்கே போனது என்று ரொம்ப நாள் தேடினேன். எங்கள் ஆடு ஒன்று மிதித்து நசுக்கியதாக அம்மா சொன்னாள். அம்மா அப்படிச் சொன்னாள். ஆனால் ஆடு மிதித்தால் கண்ணாடிச் சில்லு கிடக்க வேண்டுமே, கிடக்கவில்லை. போகட்டும்.

முந்தின தீபாவளிக்கு, மடுவுக்கு மேலே ஆற்றோரமாக இரண்டு மைல் தள்ளி ஒரு கிழங்கு மாவு ஆலை வந்திருந்தது. ஊரில் எல்லோருக்கும் சந்தோஷம்தான். வேலை கிடைக்கும் என்றார்கள். மாசி முடிந்து தண்ணீர் குறைந்தபோது மடுத் தண்ணீர் வெளுத்தது. அரிசி கழுவின தண்ணீர் போல. புளித்த கஞ்சி வாசம் ஒன்று காலையில் வரும், வெயில் ஏறினால் போய்விடும். துணி துவைக்கிற பெண்கள் முதலில் மூக்கைப் பிடித்தார்கள், பிறகு பழகிவிட்டது.

அப்புறம்தான் மீன்கள் மேலே வர ஆரம்பித்தன. பொழுது விடியும் நேரம் பார்த்தால் மடு முழுக்க வாய். சின்னதும் பெரிசுமாக, மேலே வட்ட வட்டமாக வாயைத் திறந்து திறந்து மூடும். ஆயிரம் பேர் சத்தமில்லாமல் பேசுவது போல இருக்கும். எனக்கு அதைப் பார்த்தால் பயமாகவும் இருந்தது, சிரிப்பும் வந்தது.

பூசாரிதான் முதலில் சொன்னார். "ஆத்தாவோட புள்ளைகளுக்குப் பசிங்க. வாய் தொறந்து கேக்குது பாருங்க. நாமதான் மறந்துபோட்டோம்."

அதிலிருந்து ஊர் பொரி போட ஆரம்பித்தது. வீட்டுக்கு ஒரு படி என்று முறை வைத்தார்கள். பொரி, வறுத்த கடலை, வெல்லம், பழைய சோறு, கஞ்சி. காரமடையிலிருந்தும் மேட்டுப்பாளையத்திலிருந்தும் பஸ் பிடித்து ஆள் வந்தார்கள், அம்மன் மீன் ஆயிரக்கணக்கில் வாய் திறக்கிறது என்று கேள்விப்பட்டு. பலூன்காரன் வந்தான், ஐஸ்காரன் வந்தான். நோம்பி நாள் போலவே இருந்தது.

கூட்டம் வந்ததும் இன்னொரு பயம் வந்தது. மீன் இப்படிக் கைக்கு எட்டுகிற தூரத்தில் மிதந்தால் வெளியூர்க்காரன் அள்ளிக்கொண்டு போய்விட மாட்டானா? அதனால் காவல் போட்டார்கள். என் அப்பாதான் காவலுக்குத் தலைவர். எழுதப் படிக்கத் தெரியாதவர், ஆனால் அவர் பேச்சுக்கு ஊர் கட்டுப்படும். ஆளுக்கு ஒரு மூங்கில் கழி. "ஒரு மீன் கொறையப்படாது" என்பார். அவர் சாப்பிடப் போகும்போது நானே அந்தக் கழியைப் பிடித்துக்கொண்டு பாறைமேல் நின்றிருக்கிறேன். பெருமை தாங்கவில்லை.

மாமன் மட்டும்தான் குறுக்கே பேசினார். ஒரு காலையில் எல்லோரும் பொரி வீசிக்கொண்டிருக்கும்போது அப்பாவிடம் வந்தார்.

"மச்சான், இது பசியில்லீங்க. பசிச்ச மீனு பொரியக் கவ்வும். இது கவ்வுதா பாருங்க. வாயில பட்டு அக்கட்டால போகுது. இதுக்கு மூச்சு முட்டுதுங்க."

அப்பா சிரித்தார். "தண்ணிக்குள்ள இருக்கறதுக்கு என்ன மாப்ள மூச்சு முட்டுது? பரிசல் ஓட்டி ஓட்டி உனக்கு மீன் பாஷை வந்துருச்சாட்டிருக்குது."

எல்லோரும் சிரித்தார்கள். நானும்.

"மேலால ஆலைக்காரன் உடற தண்ணிங்க, மச்சான்."

"அதான் போய்க் கேட்டுப்போட்டு வந்தமில்ல?"

உண்மைதான். போய்க் கேட்டிருந்தார்கள். அப்பாவும் பூசாரியும் இன்னும் பத்துப் பேரும் வெளுத்த சட்டை போட்டுக்கொண்டு ஆலைக்குப் போனார்கள். மேனேஜர் மரியாதையாக உட்கார வைத்து டீயும் பன்னும் கொடுத்தாராம். குழாயைத் திறந்து அவரே ஒரு டம்ளர் தண்ணீர் குடித்துக் காட்டினாராம். "இதே ஆத்துத் தண்ணிதானுங்க நாங்களும் குடிக்கிறோம்" என்றாராம். குடித்தது ஆலைக்கு மேலே எடுத்த தண்ணீர், விட்டது ஆலைக்குக் கீழே. இது இப்போது நமக்குத் தெரிகிறது. அன்றைக்குப் பன்னிரண்டு பேரில் ஒருவருக்கும் தோன்றவில்லையே என்று யோசிக்கிறேன். திரும்பி வரும்போது அம்மன் மீனுக்கு என்று ஆலை இரண்டு மூட்டை பொரி கொடுத்தது. அப்பா ஒரு மூட்டையைத் தன் தலையில் சுமந்து வந்தார். அதில் நானும் ஒரு கை தின்றேன். நல்ல மொறுமொறுப்பு.

மாமன் பிறகு பேசவில்லை. இரண்டு நாள் கழித்து ஆட்டுப்பட்டிக்கு வந்து என்னைக் கூப்பிட்டார்.

"மாப்ள, வெடியால வாரயா? வாயத் தொறக்காம வாரதுன்னா வா. தொறந்தா உனக்கும் பொரி போட்டுருவாங்க."

காவல்காரர்கள் விடியற்காலையில் மாடு கறக்க வீட்டுக்குப் போவார்கள். ஒரு அரை மணி நேரம் மடுவில் யாரும் இருக்கமாட்டார்கள். அந்த நேரத்தில் மாமன் பரிசலைத் தண்ணீரில் இறக்கி, உள்ளேயே முக்கால் முழம் தண்ணீர் இறைத்து நிறைத்தார். தண்ணீரை வெளியே இறைக்கிற பரிசலில் ஒருத்தர் தண்ணீரை உள்ளே ஊற்றியதை அன்றுதான் பார்த்தேன். பிறகு மீனை எடுத்தார். வலை வேண்டியிருக்கவில்லை. கையைக் கொடுத்தால் வந்தது. பெரிய பூமீன்கூடத் திமிறவில்லை.

என் வேலை சொம்பால் தண்ணீரை மொண்டு மொண்டு மேலேயிருந்து ஊற்றிக்கொண்டே இருப்பது. வீட்டுப் பித்தளைச் சொம்பு. கை வலித்தது. நிறுத்தினால் மாமன் திரும்பிப் பார்ப்பார். கரையோரமாகவே பரிசலைக் கயிறு கட்டி இழுத்துக்கொண்டு பள்ளத்து ஓடை வந்து ஆற்றில் சேருகிற இடத்துக்குப் போவோம். மலையிலிருந்து வருகிற அந்தப் பள்ளத்துத் தண்ணீர் மட்டும் அந்தக் கோடையிலும் சில்லென்று கண்ணாடி மாதிரி இருந்தது. ஆனால் பள்ளத்தின் வாயில் ஒரு பாறை, இடுப்பு உயரம். அதன்மேல் மீன் ஏறாது. நனைத்த சாக்கில் நாலைந்தாகப் போட்டுத் தூக்கிப் பாறைக்கு மேலே விடுவார். சில மீன் சாய்ந்தே கிடக்கும். அதன் வாலைப் பிடித்து முன்னும் பின்னுமாக ஆட்டுவார். திடுக்கென்று விசிறிக்கொண்டு தாழம்புதருக்கு அடியில் ஓடிவிடும். அடுத்த சாக்கு.

இரண்டு காலை போனோம். எத்தனை மீன் என்று எண்ணவில்லை. அவ்வளவு எண்ண எனக்குத் தெரியவும் தெரியாது.

மூன்றாவது நாள் எங்கள் வீட்டுக் கன்று கயிற்றை அவிழ்த்துக்கொண்டு மொத்தப் பாலையும் குடித்துவிட்டது. கறக்கப் போன அப்பா கறக்க ஒன்றுமில்லாமல் சீக்கிரமே மடுவுக்குத் திரும்பினார். மாமன் பரிசலோரம் நின்று ஒரு பூமீனைச் சாக்குக்குள் இறக்கிக்கொண்டிருந்தார். உதவாக்கரை கன்று அது. அடுத்த வருஷம் விற்றுவிட்டோம்.

"என்றா பண்ற?"

"பள்ளத்துல உடறனுங்க, மச்சான்."

"சாக்குல கட்டியா?"

மாமன் சாக்கைப் பார்த்தார். அப்பாவும் பார்த்தார். மீன் சாக்குக்குள் ஒரு தரம் துள்ளியது.

வெயில் ஏறுவதற்குள் கோயில் பாறைமேல் ஊர் கூடிவிட்டது. நீங்களும் இருந்தீர்கள், கால்சட்டை போட்ட கூட்டம் ஒன்று பாறைக்கு மேல்பக்கம் உட்கார்ந்திருந்தது எனக்கு நன்றாக நினைவிருக்கிறது. பூசாரி என்னை முன்னால் நிறுத்தினார்.

"கண்ணு, ஆத்தா முன்னால பொய் சொல்லப்படாது. உன்ற மாமன் மீன் புடிச்சானா, இல்லியா?"

"புடிச்சாருங்க."

"எத்தன நாளா?"

"மூணு நாளாங்க."

"சாக்குல போட்டானா?"

"போட்டாருங்க."

கூட்டத்தில் பெண்கள் வாயில் கைவைத்தார்கள். அடுத்ததைக் கேட்பார்கள், சொல்லலாம் என்று நின்றேன். கேட்கவில்லை. நானாகச் சொல்ல வாயெடுத்தேன் என்றுதான் எனக்கு ஞாபகம். அப்பா கையை என் தோள்மேல் வைத்து, "போதும்" என்றார். அந்தக் கை என்னை அமுக்கியதா, பிள்ளை பயந்துவிட்டான் என்று தாங்கியதா, இதுவரை எனக்கு விளங்கவில்லை.

மாமன் உரக்கத்தான் சொன்னார். "வந்து பாருங்க, பள்ளத்துல நிக்குது." இரண்டு பேர் போய்ப் பார்த்தார்கள். தாழம்புதர் நிழலில் என்ன தெரியும்? "ஒண்ணுங் காணமுங்க" என்று வந்துவிட்டார்கள்.

பூசாரி சொன்னார், "நின்னாலும் நிக்காட்டியும் ஆத்தா ஊட்டை உட்டு எடுத்தது தப்புத்தானுங்க." அவர் கெட்ட மனசோடு சொல்லவில்லை. அவருக்குக் கண்ணில் நீர் நின்றது. மடுவை விட்டு ஒரு மீன் போகக்கூடாது என்பதுதானே எல்லோரும் காத்த காவல்?

ஆடி நோம்பி முடியும்வரை மாமன் துறையில் கால் வைக்கக்கூடாது, பரிசலைக் கோயிலில் கவிழ்த்துவிட வேண்டும் என்று முடிவானது. ஆடிக்கு மூன்று மாசம் இருந்தது. மாமன் அவ்வளவு நாள் இருக்கவில்லை. அன்று மத்தியான பஸ்ஸிலேயே அத்தையையும் கைக்குழந்தையையும் கூட்டிக்கொண்டு காங்கேயத்துக்குப் போய்விட்டார். அங்கே எண்ணெய் ஆலையில் தேங்காய் உடைக்கிற வேலை. பஸ் ஏறும்போது என்னிடம் ஒரே ஒரு வார்த்தை.

"மாப்ள, சொம்பு பரிசல்லயே கெடக்குது. எடுத்து அம்மாகிட்டக் குடுத்துரு."

சொம்பைக் கொண்டுபோனதும் அம்மா கேட்டாள். "இது எப்பிடி அங்க போச்சு?" அவளிடம் எல்லாவற்றையும் சொன்னேன், வால் பிடித்து ஆட்டியது வரைக்கும். அவள் புளி போட்டு அந்தச் சொம்பை ரொம்ப நேரம் துலக்கினாள். அப்பாவிடம் சொன்னாளா இல்லையா என்று எனக்குத் தெரியாது. அந்தக் கோடை முழுக்க அவள் மடுப் பக்கம் போகவில்லை. பொரி முறை வந்தபோது எங்கள் வீட்டுப் படியை அப்பாதான் எடுத்துப் போனார்.

அதற்கடுத்த வெள்ளிக்கிழமை பெரிய கூட்டம். ஆலைப் பொரியும் வீட்டுப் பொரியும் சேர்த்துப் போட்டதில் மடு வெள்ளைப் பாய் விரித்தது போல இருந்தது. ஞாயிற்றுக்கிழமை விடிந்தபோது அந்த வெள்ளை வேறு மாதிரி இருந்தது. வயிறு மேலாக, கரை முதல் கரை வரைக்கும். விலாங்குகூட. ஊறிப்போன பொரி செதிலில் ஒட்டியிருந்தது. பலூன்காரன் வழக்கம்போல வந்தான். பார்த்துவிட்டு ஊதிய பலூன்களைக் காற்றுப் பிடுங்கிப் பையில் போட்டுக்கொண்டு போனான்.

"வெசத்த வெச்சுப்போட்டுப் போயிட்டான்" என்று முதலில் சொன்னது யார் என்று கேட்டால் யாருக்கும் தெரியாது. மத்தியானத்துக்குள் எல்லோரும் சொன்னார்கள். விஷம் வைத்தவர் ஒரு வாரமாகக் காங்கேயத்தில் தேங்காய் உடைத்துக்கொண்டிருந்தார் என்பது யாருக்கும் இடிக்கவில்லை. அப்பா குழி வெட்டி, மஞ்சள் தெளித்து, வேப்பிலை போட்டு மீன்களைப் புதைத்தார். மனுஷருக்குச் செய்வது போல அன்றைக்கு எங்கள் வீட்டில் அடுப்பு மூட்டவில்லை. நீர்நாய்கள் எப்போது போயின என்று யாரும் கவனிக்கவில்லை.

அப்பாவைப் பற்றி ஒன்று சொல்ல வேண்டும், இல்லாவிட்டால் பாவம். அடுத்த கோடையிலும் மீன் மிதந்தபோது அவர் பொரி போடவில்லை. ஊரில் யாரையும் போடவும் விடவில்லை. ஏன் என்று சொல்லவும் இல்லை. ஆலைக்கு எதிராக மனு எழுதச் சொல்லி முதல் கைநாட்டு வைத்தது அவர்தான். கோயமுத்தூருக்கு எத்தனை தரம் நடையாக நடந்தார். சாயத் தண்ணீர், சாக்கடை என்று பிறகு வந்த எல்லாவற்றுக்கும் பாட்டில் பாட்டிலாகத் தண்ணீர் பிடித்துக்கொண்டு போய் ஆபீசில் வைத்தார். பிறகு ஒருநாள் பார்த்தால் ஆலை மூடிக் கிடந்தது. மனுவால் மூடினதா, கிழங்கு வரத்து நின்று மூடினதா, அதுவும் தெரியாது.

கடைசிக் காலத்தில் ஒருநாள் வெற்றிலை இடித்துக்கொண்டிருந்தவர் திடீரென்று கேட்டார்.

"உங்க மாமன் எத்தன மீனு கொண்டுபோனான்?"

"எண்ணலீங்கப்பா."

"பள்ளத்துக்கா?"

"ஆமாங்க."

வெற்றிலையை வாயில் போட்டுக்கொண்டார். அந்த மார்கழியில் இறந்துபோனார். இவ்வளவு நாள் தெரிந்து வைத்திருந்தாரா, அன்றைக்குத்தான் தெரிந்துகொண்டாரா?

இப்போது ஆற்றைக் காப்பதற்குச் சின்னப் பிள்ளைகள் ஒரு கூட்டமாகச் சேர்ந்திருப்பது உங்களுக்குத் தெரியும். ஞாயிறானால் கால்வரை ரப்பர் பூட்ஸ் போட்டுக்கொண்டு குப்பை பொறுக்குகிறார்கள், தண்ணீரைச் சோதிக்கிறார்கள், மீனைப் படம் பிடித்து எண்ணுகிறார்கள். அதில் கண்ணாடி போட்ட பெண் ஒருத்தி என்னிடம் பழைய மீன்களின் பேரைக் கேட்க வந்தாள். மீன் ஏன் வாய் திறக்கும் அம்மணி என்று கேட்டேன். தண்ணீரில் காற்று குறைந்தால் மேலே வந்து மூச்சு வாங்குமாம். அப்போது பொரி போட்டால் நல்லதா என்றேன்.

"ஐயோ, போடவே கூடாதுங்க தாத்தா. அது அழுகி இருக்கற கொஞ்சக் காத்தையும் தின்னுபோடும். ஏனுங்க கேக்கறீங்க?"

நான் வெயிலில் நின்று தலை சுற்றுகிறது என்று உட்கார்ந்துவிட்டேன்.

பள்ளத்தில் பாறைக்கு மேலே பூமீன் இருப்பதாக அவளே சொன்னாள். அது எப்படி அங்கே ஏறியது என்று அவர்களுக்குப் புரியவில்லையாம். மாமன் விட்டதன் வம்சமா, எப்போதும் அங்கேயே இருந்ததா, பெருவெள்ளத்தில் தானாக ஏறியதா என்று எனக்கும் தெரியாது. தெரியாததைத் தெரிந்ததாகச் சொல்லமாட்டேன்.

ஆனால் இந்த ஆடிக்கு மடுவில் அவர்கள் ஒரு பலகை வைக்கப் போகிறார்கள். மடுவைக் காத்தவர்கள் என்று அப்பா பேர் முதலில் வருகிறது. போட்டோ கேட்டார்கள், கொடுத்தேன். எழுதினதைப் பேரன் படித்துக் காட்டினான். நடுவில் ஒரு வரி, முன்பு ஒருமுறை ஊர்ப் பரிசல்காரர் விஷம் வைத்ததில் மடு மீன்கள் எல்லாம் அழிந்தன என்று. ஊரில் விசாரித்து எழுதினதாம்.

மாமன் இப்போது உயிரோடு இல்லை. அன்றைக்குக் கைக்குழந்தையாகப் போன அவர் மகள் காங்கேயத்தில் பாட்டியாகிவிட்டாள். ஒரு கல்யாணத்தில் என் கையைப் பிடித்து, "எங்கப்பா நெசமாலுமே வெச்சாருங்களா?" என்று கேட்டாள். இல்லை அம்மணி என்றேன். அவள் நம்பினாளா என்று முகத்தில் தெரியவில்லை. அவள் மகனுக்கு மேட்டுப்பாளையத்தில் வேலை. ஞாயிறுகளில் தன் பிள்ளைகளோடு மடுவுக்குக் குளிக்க வருகிறான். எழுத்துக் கூட்டிப் படிக்கிற வயசுப் பிள்ளைகள்.

அந்தக் கண்ணாடிப் பெண்ணிடம் போய் எல்லாவற்றையும் சொல்லிவிட்டேன். அவள் பொறுமையாகக் கேட்டுக்கொண்டாள். "நீங்க சொந்தக்காரருங்க தாத்தா. அப்ப அங்க இருந்தவங்க இன்னும் நாலு பேரு சொல்லட்டும், மாத்திப்போடறோம்" என்றாள். அவள் சொல்வது நியாயம்தான்.

அதனால்தான் இதைச் சொல்லிப் பேரனை எழுதச் சொன்னேன். பாறை மேலே உட்கார்ந்திருந்த கூட்டத்தில் இன்னும் ஆறேழு பேர் இருக்கிறீர்கள். அப்பா பேரை எடுக்கச் சொல்லவில்லை. அவர் காத்ததும் நிஜம். மாமன் நல்லவர் என்று நீங்கள் சாட்சி சொல்லவும் வேண்டாம். "வந்து பாருங்க, பள்ளத்துல நிக்குது" என்று அவர் உரக்கச் சொன்னதைக் காதால் கேட்டீர்களே, அதை மட்டும் அந்தப் பெண்ணிடம் போய்ச் சொல்லுங்கள். நடக்க முடியாதவர்கள் பிள்ளைகளிடம் சொல்லி அனுப்புங்கள். ஆடிக்கு இன்னும் பதினைந்து நாள்தான் இருக்கிறது.